‘ஊர்ல எந்தப் பக்கம்?’: பஸ்ஸும் சாதியும் அடிபட்டவர்களும்

ஆறுமுகநேரியில் பஸ் ஏறி உட்கார்ந்தால் பக்கத்து சீட்டுக்காரர் பேச்சுக் கொடுப்பார். ‘எந்த ஊரு?’ ஊர்ப் பெயரைச் சொன்னதும் பேச்சு முடிந்துவிடாது. ‘ஊர்ல எந்தப் பக்கம்?’ என்று அடுத்ததைக் கேட்பார். பெரும்பாலும் கெட்ட எண்ணத்தோடு கேட்பதில்லை, பழக்கத்தில் வருவதுதான். ஆனால் கீழத்தெரு, வடக்குத்தெரு, காலனி என்று எந்தப் பதில் வந்தாலும் அதற்குள் சாதி இருக்கிறது. கேட்டவருக்கும் அது தெரியும், சொன்னவருக்கும் தெரியும். காலனி என்று சொல்லவேண்டியவர் அதற்கு முன் ஒரு நொடி தயங்குவதைப் பல முறை பார்த்திருக்கிறேன். சிலர் ஊர்ப் பெயரோடு நிறுத்திக்கொண்டு ஜன்னல் பக்கம் திரும்பிவிடுவார்கள்.

பொது வாகனத்தில் யார் ஏறலாம், எங்கே உட்காரலாம் என்ற சண்டை என்றதும் நமக்கு அமெரிக்காதான் நினைவுக்கு வருகிறது. 1955 டிசம்பர் 1 அன்று மாண்ட்கோமரி நகரத்து பஸ்ஸில் எழுந்திருக்க மறுத்த ரோசா பார்க்ஸை நம் பள்ளிப் பிள்ளைகளுக்கும் தெரியும். அதே சண்டை தூத்துக்குடி, திருநெல்வேலி, விருதுநகர் மாவட்டங்களிலும் கடலுக்கு அந்தப் பக்கம் யாழ்ப்பாணத்திலும் நடந்திருக்கிறது. ரத்தமும் சிந்தியிருக்கிறது. அதைச் சேர்த்துவைத்துப் பார்த்தவர்கள் குறைவு.

அமெரிக்காவில் நிறம் உடம்போடு வருகிறது. யார் முன்னால், யார் பின்னால் என்று பிரிக்க ஒரு பலகை போதும். இங்கே முகத்தைப் பார்த்துச் சாதி சொல்ல முடியாது. அதனால் சென்னை போகும் பஸ்ஸில் யாரும் யாரையும் தள்ளி உட்காரச் சொல்வதில்லை. 2023 டிசம்பர் வெள்ளத்தில் திருச்செந்தூரிலிருந்து எங்கள் ஊர் வழியாகப் போன ரயில் ஸ்ரீவைகுண்டத்தில் மாட்டிக்கொண்டது. சுமார் 800 பேர் தவித்தார்கள். பக்கத்துப் புதுக்குடி மக்கள் தங்கள் வீட்டில் இருந்த அரிசி பருப்பைக் கொண்டுவந்து கோயிலில் வைத்துப் பொங்கிப் போட்டார்கள். வந்தவர் யார், எந்தத் தெரு என்று கேட்டுக்கொண்டு யாரும் பரிமாறவில்லை. அந்த மனசு இந்த மண்ணில் உண்டு என்பதை முதலில் சொல்லிவிட வேண்டும். சிக்கலெல்லாம் டவுன் பஸ்ஸிலும் மினி பஸ்ஸிலும் வருகிறது. அங்கே எல்லாருக்கும் எல்லாரையும் தெரியும். நீங்கள் ஏறுகிற ஸ்டாப்பே உங்கள் சாதியைச் சொல்லிவிடும். அமெரிக்காவில் பலகை செய்த வேலையை இங்கே பஸ் ஸ்டாப் செய்கிறது.

பஸ் வருவதற்கு முன்னால் சண்டை ரோட்டில் இருந்தது. 1893-ல் தென்னாப்பிரிக்காவின் பீட்டர்மாரிட்ஸ்பர்க் ஸ்டேஷனில் காந்தியை முதல் வகுப்புப் பெட்டியிலிருந்து இறக்கிவிட்டார்கள். இது உலகத்துக்கே தெரிந்த கதை. அதற்குப் பிறகு நடந்தது அவ்வளவாகப் பேசப்படுவதில்லை. ரயிலைவிட்டு இறங்கிக் குதிரைக் கோச்சில் போனபோது அவரைப் படிக்கட்டுப் பலகையில் உட்காரச் சொன்னார்கள். மறுத்ததற்கு அடி விழுந்தது. அதே ஆண்டு திருவிதாங்கூரில் வெங்ஙானூர் அய்யன்காளி ஒரு வில்வண்டி வாங்கினார். தலைப்பாகை கட்டி, மணி கட்டிய மாடுகளைப் பூட்டி, புலையர் நடக்கக் கூடாதென்றிருந்த பொது ரோட்டில் ஓட்டிக்கொண்டு போனார். வழிமறித்தவர்களுக்கு நேராகவே நின்றார். அதன் பிறகு அந்தப் பகுதியில் மூண்ட அடிதடிகளில் இரண்டு பக்கமும் ரத்தம் சிந்தியது. வண்டியில் ஏறுவதே ஒரு போராட்டம் என்று தெற்கில் முதலில் காட்டியவர் அவர்தான் என்பது என் எண்ணம்.

எங்கள் பக்கத்து நாடார்களுக்கும் இந்த வலி தெரியாததல்ல. கழுகுமலையில் தேரோடும் வீதியில் ஊர்வலம் போகும் உரிமைக்காக 1895-ல் மூண்ட கலவரம் கொலைகளில் முடிந்தது. அந்த நினைவு இருந்த சமூகத்திலிருந்துதான் டபிள்யூ.பி.ஏ. சௌந்தரபாண்டியன் வந்தார். பட்டிவீரன்பட்டிக்காரர். 1929-ல் செங்கல்பட்டில் நடந்த முதல் சுயமரியாதை மாநாட்டுக்குத் தலைமை தாங்கியவர். சென்னைப் பாண்டி பஜாரில் இருக்கும் ‘பாண்டி’ இவர்தான் என்பது அங்கே துணி எடுக்கப் போகிறவர்களில் எத்தனை பேருக்குத் தெரியுமோ.

1920களின் கடைசியில் அவர் ராமநாதபுரம் ஜில்லா போர்டுத் தலைவராக இருந்தார். அப்போது பஸ்களெல்லாம் தனியார் கையில். தாழ்த்தப்பட்டவர்களை ஏற்றுவதில்லை என்பது அன்றைய வழக்கம். பஞ்சமருக்கு இடமில்லை என்ற பொருளில் டிக்கெட்டிலேயே அச்சடித்த கம்பெனிகளும் இருந்தன. கூலி வேலைக்கும் ஆஸ்பத்திரிக்கும் போகவேண்டியவர்கள், பக்கத்தில் பஸ் போய்க்கொண்டிருக்க, வெயிலில் நடந்தார்கள். சௌந்தரபாண்டியன் அதற்காக மேடை போட்டுப் பேசவில்லை. பஸ் முதலாளிகளுக்கு ஒரு சுற்றறிக்கை அனுப்பினார். யாரையாவது சாதி சொல்லி ஏற்ற மறுத்தால் பஸ்ஸின் லைசென்ஸ் ரத்தாகும். அவ்வளவுதான் விஷயம்.

அந்தச் சுற்றறிக்கையின் சிறப்பு அது யாரை நோக்கிப் பேசியது என்பதில் இருக்கிறது. ‘நீ பெருந்தன்மையோடு நடந்துகொள்’ என்று அது பயணியிடம் சொல்லவில்லை. ‘நீ தைரியமாக ஏறிப் பார்’ என்று ஒடுக்கப்பட்டவரிடமும் சொல்லவில்லை. ‘உன் வண்டியில் நடப்பதற்கு நீ பொறுப்பு’ என்று முதலாளியைப் பிடித்தது. ஏறி அடிபட்டு, கேஸ் போட்டு, பல வருஷம் கோர்ட்டுக்கு நடக்கிற பாரத்தை ஏழையின் தலையிலிருந்து இறக்கி, லாபம் பார்க்கிறவர் தலையில் வைத்தது. அதே காலத்தில், 1929-ல், சாலிஸ்கான் ஸ்டேஷனில் டாக்டர் அம்பேத்கரை ஏற்றிக்கொண்டு போகக் குதிரை வண்டிக்காரர் ஒருவரும் ஒத்துக்கொள்ளவில்லை. அவரது சமூகத்தைச் சேர்ந்த, வண்டி ஓட்டிப் பழகாத ஒருவர் ஓட்டினார். பாலத்தருகே வண்டி கவிழ்ந்தது. பாரிஸ்டர் பட்டம் வாங்கியவர் கால் முறிந்து கிடந்தார். கேட்பதற்கு அங்கே ஒரு சௌந்தரபாண்டியன் இல்லை.

தூத்துக்குடியிலிருந்து கடலைத் தாண்டினால் யாழ்ப்பாணம். அங்கே பஸ்ஸில் ஏறலாம், ஆனால் ஒடுக்கப்பட்ட சாதியார் சீட்டில் உட்காரக் கூடாது. தரையில் உட்காரலாம், அல்லது நிற்கலாம். காந்தியைப் படிக்கட்டுப் பலகையில் உட்காரச் சொன்ன அந்தக் கோச்சுக்காரனுக்கும் இதற்கும் என்ன வித்தியாசம்? பள்ளிக்கூடங்களிலும் அப்படித்தான் இருந்தது. சம ஆசனம், சம போசனம் என்று 1920களின் கடைசியில் கோரிக்கை எழுந்து, எல்லாப் பிள்ளைகளும் பெஞ்சில் உட்காரவேண்டும் என்று உத்தரவு வந்தபோது, பள்ளிக்கூடங்களுக்கே தீ வைத்தார்கள். சமூகக் குறைபாடுகள் ஒழிப்புச் சட்டம் 1957-ல்தான் வந்தது. ஒரு சீட்டுக்கு அவ்வளவு வன்மம் எங்கிருந்து வருகிறது என்று யோசித்திருக்கிறேன். சமமாக உட்கார்ந்துவிட்டால் கண் சமமான உயரத்தில் இருக்கும். தரையில் இருப்பவர் நிமிர்ந்துதான் பார்க்கவேண்டும். அந்த ஒரு முழ உயரத்தைக் காப்பாற்றத்தான் இத்தனையும்.

இந்தியாவில் தீண்டாமைக் குற்றங்கள் சட்டம் 1955 ஜூன் 1 அன்று நடைமுறைக்கு வந்தது. பொது வாகனத்தைப் பயன்படுத்த விடாமல் தடுப்பது அந்தச் சட்டப்படி தண்டனைக்குரிய குற்றம். ரோசா பார்க்ஸ் கைதானது அதற்குச் சரியாக ஆறு மாதம் கழித்து. அவரைக் கைது செய்தது சட்டம். நம்மிடம் சட்டம் அடிபட்டவர் பக்கம் நின்றது, குறைந்தபட்சம் காகிதத்தில். மாண்ட்கோமரியில் 381 நாள் பஸ்ஸைப் புறக்கணித்து நடந்தார்கள். மார்ட்டின் லூதர் கிங்கின் வீட்டில் குண்டு வெடித்தது. வழக்கில் ஜெயித்து, பஸ்ஸில் எல்லாரும் கலந்து உட்கார்ந்த பிறகும் ஒளிந்திருந்து பஸ்களைச் சுட்டார்கள். கர்ப்பிணி ஒருவருக்குக் காலில் குண்டு பாய்ந்தது. 1961 மே 14 அன்று அன்னிஸ்டன் ஊருக்கு வெளியே ‘சுதந்திரப் பயணிகள்’ வந்த பஸ்ஸின் டயரைக் கிழித்து, உள்ளே தீயை எறிந்து, வெளியே வரவிடாமல் கதவை அழுத்திப் பிடித்தார்கள். கறுப்பரும் வெள்ளையரும் சேர்ந்து உட்கார்ந்திருந்ததுதான் அவர்கள் செய்த குற்றம்.

அதற்குப் பிறகு நடந்ததைத்தான் நாம் கவனிக்கவேண்டும். மாநிலங்களுக்கிடையே ஓடும் பஸ்களைக் கட்டுப்படுத்தும் மத்திய ஆணையம், 1961 நவம்பர் 1 முதல் எந்த பஸ் கம்பெனியும் பிரித்து உட்காரவைக்கக் கூடாது, பிரிவினை உள்ள பஸ் நிலையங்களைப் பயன்படுத்தவும் கூடாது என்று உத்தரவு போட்டது. அதாவது பஸ்காரரைப் பொறுப்பாக்கியது. சௌந்தரபாண்டியன் முப்பது வருஷத்துக்கு முன்னால் பிடித்த அதே கடிவாளம்.

நம்மிடம் அந்தக் கடிவாளம் நழுவியது எப்போது? 1970களில் தமிழ்நாட்டில் பஸ்கள் பெருமளவுக்கு அரசு கைக்கு வந்தன. அது பெரிய நன்மை. தனியார் எட்டிப் பார்க்காத ஊர்களுக்கெல்லாம் பஸ் போனது, பள்ளிப் பிள்ளைகளுக்கு இலவச பாஸ் வந்தது, காலனிப் பிள்ளைகள் முதல்முறையாக டவுன் பள்ளிக்கூடம் கண்டார்கள். ஆனால் லைசென்ஸ் கொடுப்பவரும் வண்டி ஓட்டுபவரும் ஒருவரே ஆகிவிட்டால் யார் யாரைக் கேட்பது? டிரைவர், கண்டக்டர் என்ற தனி மனிதரை சஸ்பெண்ட் செய்வதோடு கதை முடிந்துவிடுகிறது.

1995 ஜூலை 26. சங்கரன்கோவிலுக்குப் பக்கத்தில் வீரசிகாமணி. தலித் பள்ளி மாணவர்களுக்கும் வேறு சாதியைச் சேர்ந்த பஸ் டிரைவருக்கும் தகராறு. ஊருக்கு ஊர் நடக்கிற பஸ் தகராறுதான். ஆனால் டிரைவருக்கு ஒரு சாதி, மாணவர்களுக்கு ஒரு சாதி, ஏறிய ஸ்டாப்புக்கு ஒரு சாதி. பழிக்குப் பழியாகத் தென் மாவட்டங்கள் முழுக்கப் பரவியது. ஆகஸ்ட் 31 அன்று எங்கள் மாவட்டத்துக் கொடியன்குளத்துக்குள் சுமார் 600 போலீசார் புகுந்தார்கள். வளைகுடாவில் வேலை பார்த்தவர்கள் அனுப்பிய பணத்தில் கொஞ்சம் நிமிர்ந்திருந்த தலித் கிராமம் அது. டிவி, தையல் மிஷின், தானியம் எல்லாம் நொறுங்கின. சான்றிதழ்களையும் பாஸ்போர்ட்டுகளையும் கிழித்து எரித்தார்கள். ஊர்க் கிணற்று நீரையும் கெடுத்தார்கள். எதை அழித்தார்கள் என்று பாருங்கள்: ஊரைவிட்டு வெளியே போவதற்கான தாள்கள். அரசு கொடுத்த நிவாரணத்தை ஊர் மக்கள் வாங்க மறுத்தார்கள். அடுத்த வருஷம் ஓட்டப்பிடாரம் தொகுதியில் டாக்டர் க. கிருஷ்ணசாமி ஜெயித்தார். அதே மாவட்டத்துக்காரரான மாரி செல்வராஜ் 2021-ல் எடுத்த ‘கர்ணன்’ படத்தில் பஸ் நிற்காத ஒரு ஊரின் கோபத்தை மையமாக வைத்தது தற்செயல் இல்லை. பஸ் நிற்காத ஊர் என்றால் பிரசவ வலியோடு ரோட்டில் காத்திருப்பது என்று பொருள். அதை அனுபவிக்காதவர்களுக்கு ஒரு பஸ் ஸ்டாப்புக்கு ஏன் இவ்வளவு சண்டை என்று தோன்றலாம்.

கொடியன்குளத்துக்கு இரண்டு வருஷம் கழித்து, 1997-ல், விருதுநகரில் புதிதாகத் தொடங்கும் போக்குவரத்துக் கழகத்துக்கு வீரன் சுந்தரலிங்கம் பெயரை வைப்பதாக அரசு அறிவித்தது. சுந்தரலிங்கனார் கட்டபொம்மன் படையில் நின்றவர், ஓட்டப்பிடாரத்துப் பக்கத்துக் கவர்னகிரிக்காரர். அதுவரை சேரன், சோழன், பாண்டியன், கட்டபொம்மன், மருதுபாண்டியர், நேசமணி, ராணி மங்கம்மாள் என்று எல்லாப் பெயர்களையும் எழுதிக்கொண்டு பஸ்கள் ஓடின. யாரும் ஒரு வார்த்தை சொன்னதில்லை. பள்ளர் சமூகத்தில் பிறந்த ஒரு வீரனின் பெயர் பஸ்ஸின் நெற்றியில் வந்தபோதுதான் அந்த பஸ்ஸில் ஏறமாட்டோம் என்று எழுந்தார்கள். கலவரம் வெடித்தது, உயிர்கள் போயின. அரசு என்ன செய்தது? எல்லாப் போக்குவரத்துக் கழகங்களின் பெயரையும், கூடவே மாவட்டங்களின் பெயர்களையும் எடுத்துவிட்டது. எங்கள் சிதம்பரனார் மாவட்டம் தூத்துக்குடி மாவட்டமானது. வெள்ளைக்காரன் கப்பலுக்கு எதிராகக் கப்பல் விட்ட வ.உ.சி.யின் பெயர் அவர் பிறந்த மண்ணிலிருந்தே போனது.

கலவரம் அடங்கவேண்டும் என்ற கவலை எனக்கும் புரிகிறது. தினம் ஒரு பிணம் விழும்போது ஆட்சியில் இருப்பவர் பெயர்ப் பலகையைப் பார்த்துக்கொண்டிருக்க முடியாது. ஆனாலும் அது தவறு என்றே நினைக்கிறேன். ஒரு பெயரை ஏற்காதவர்களுக்காக எல்லாப் பெயர்களையும் எடுத்தபோது, மறுக்கும் உரிமை அவர்களுக்கு உண்டு என்று அரசே ஒப்புக்கொண்டதாகிவிட்டது. ஏறமாட்டேன் என்றவர் வேறு வழியில் போகட்டும், பஸ் அந்தப் பெயரோடு ஓடும் என்று நின்றிருக்கலாம். 2025 ஏப்ரலில் அரசு ஆவணங்களிலிருந்து ‘காலனி’ என்ற சொல்லை நீக்கப்போவதாக முதலமைச்சர் அறிவித்தபோது வரவேற்றேன். கூடவே 1997 நினைவுக்கு வந்தது. பலகையை மாற்றலாம். ஸ்டாப் அதே இடத்தில்தானே இருக்கிறது?

அதே 1997, ஜூன் 30. மேலவளவு ஊராட்சித் தலைவர் முருகேசனும் ஐந்து பேரும் மதுரைக்குப் போய்த் திரும்பும்போது, வந்த பஸ்ஸிலேயே மறிக்கப்பட்டு வெட்டிக் கொல்லப்பட்டார்கள். அது சீட்டுக்கான சண்டை இல்லை, பதவிக்கானது. ஆனாலும் கொலைக்கு பஸ் தேர்ந்தெடுக்கப்பட்டதை விட்டுவிட்டுப் பேச முடியாது. ஏறிய இடம் தெரியும், இறங்கும் இடம் தெரியும், நடுவில் ஓட இடம் கிடையாது.

எங்கள் கடற்கரைக்கு வருகிறேன். புன்னக்காயல், வீரபாண்டியன்பட்டினம் பக்கமிருந்து மீன் கொண்டுவரும் பெண்கள் காலை பஸ்ஸில் அலுமினிய அன்னக்கூடையோடு ஏறுவார்கள். அடியில் தண்ணீர் சொட்டாமல் சாக்கை மடித்துப் போட்டு, மேலே ஈரத்துணி மூடி, இரண்டு கையாலும் விளிம்பைப் பிடித்துக்கொள்வார்கள். ஒருநாள் கடைசி வரிசையில் இரண்டு சீட் காலியாக இருந்தும் ஓர் அக்கா கூடைக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்திருந்தார். மேலே உட்காரச் சொன்னேன். ‘மூக்கப் பொத்துவாவ தம்பி. இதுவே நல்லாத்தான் இருக்கு’ என்றார். கோபம் இல்லாமல் சொன்னார். அதுதான் எனக்குத் தாங்கவில்லை. அதே மீனைத்தான் மூக்கைப் பொத்துகிறவர் வீட்டிலும் மத்தியானம் குழம்பு வைக்கிறார்கள்.

2021 மே மாதம் சாதாரணக் கட்டண டவுன் பஸ்களில் பெண்களுக்கு இலவசப் பயணம் வந்தது. அந்த டிசம்பரில் குளச்சலில் மீன் விற்றுவிட்டு வீடு திரும்பிய ஒரு மூதாட்டியை நாற்றம் என்று சொல்லி அரசு பஸ்ஸிலிருந்து இறக்கிவிட்டார்கள். அவர் அழுதுகொண்டு ஒதுங்கிவிடவில்லை. பஸ் நிலையத்தில் நின்று, இது நியாயமா என்று உரக்கக் கேட்டார். வீடியோ பரவியது, முதலமைச்சர் கண்டித்தார், டிரைவர், கண்டக்டர், நேரக் காப்பாளர் மூவரும் சஸ்பெண்ட் ஆனார்கள். சில நாளிலேயே நாகர்கோவிலில் ஒரு நரிக்குறவர் குடும்பத்தை இறக்கிவிட்டு மூட்டையைத் தூக்கி எறிந்தார்கள். 2024 பிப்ரவரியில் தர்மபுரி மாவட்டத்தில் மாட்டிறைச்சி வைத்திருந்த ஒரு பெண்மணியை நடுவழியில் இறக்கினார்கள். அங்கேயும் சஸ்பெண்ட். நாற்றம், சுத்தம், மற்ற பயணிகளின் வசதி என்று புதுக் காரணங்கள் வருகின்றன. இறக்கப்படுகிறவர்கள் மட்டும் மாறுவதில்லை. குளச்சல் மூதாட்டியைப் போராளி என்று யாரும் எழுதவில்லை. எந்தச் சங்கமும் அவர் பின்னால் இல்லை, வக்கீல் இல்லை, பயிற்சி இல்லை. மாண்ட்கோமரியில் அதெல்லாம் இருந்தது. இவருக்குக் குரல் மட்டும் இருந்தது.

பிள்ளைகள் விஷயம் இன்னும் கவலைக்குரியது. 2023 ஆகஸ்டில் நாங்குநேரியில் ஒரு தலித் மாணவனை உடன் படித்தவர்களே வீடு புகுந்து வெட்டினார்கள். அதற்குப் பின் அமைக்கப்பட்ட நீதிபதி சந்துரு குழு 2024 ஜூனில் அறிக்கை கொடுத்தது. கையில் கட்டும் வண்ணக் கயிறு கூடாது என்றது அதில் ஒன்று. பள்ளிக்கூட வாசலோடு அந்தக் கயிறு நின்றுவிடுவதில்லை. சீருடையில் எல்லாரும் ஒன்றுபோல இருக்கும் பஸ்ஸில் யார் யார் பக்கத்தில் நிற்கலாம் என்று பிரிப்பதும் அதே கயிறுதான். முகத்தில் தெரியாத சாதியைத் தெரியவைக்கப் பிள்ளைகளே பலகை எழுதிக் கையில் கட்டிக்கொள்கிறார்கள்.

2025 மார்ச் 10. எங்கள் ரயில் பாதையில் இருக்கும் ஸ்ரீவைகுண்டத்துப் பக்கம். பதினொன்றாம் வகுப்புத் தேர்வு எழுத பாளையங்கோட்டைக்கு பஸ்ஸில் போய்க்கொண்டிருந்த தலித் மாணவனை, பஸ்ஸை மறித்து இறக்கி வெட்டினார்கள். விரல்கள் துண்டாயின. கபடிப் போட்டியில் அவன் அணி ஜெயித்தது காரணம் என்றார்கள். வெட்டியவர்களும் சிறுவர்கள். அவன் எந்த பஸ்ஸில், எத்தனை மணிக்கு, எந்த இடத்தைக் கடப்பான் என்பது அவர்களுக்குத் தெரிந்திருந்தது.

வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் 2015-ல் செய்த திருத்தம், தலித்துகள் சைக்கிள், மோட்டார் சைக்கிள் ஓட்டுவதைத் தடுப்பதைக்கூடப் பெயர் சொல்லிக் குற்றமாக்குகிறது. சட்டத்துக்குக் குறைவில்லை. எனக்கு வேண்டியது அதைவிடச் சின்னது. மினி பஸ்ஸுக்கும் தனியார் பஸ்ஸுக்கும் இன்றைக்கும் பெர்மிட் கொடுப்பது அரசுதான். எந்த ஸ்டாப்பில் நிற்கவேண்டும் என்று அதில் இருக்கிறது. காலனி ஸ்டாப்பில் நிற்காமல் போனால், சாதியையோ நாற்றத்தையோ சொல்லி இறக்கிவிட்டால் பெர்மிட் போகும் என்று ஒரு வரி அதில் சேர வேண்டும். அரசு பஸ் என்றால் டிப்போ மேலாளர் பதில் சொல்ல வேண்டும். பிள்ளைகள் நெரிசலாகப் போகும் காலை, மாலை நடைகளில் கண்டக்டருக்குத் துணையாக ஓர் ஆள் வேண்டும். இதற்குச் சட்டமன்றம் கூடவேண்டியதில்லை. சௌந்தரபாண்டியன் ஒரு ஜில்லா போர்டு நாற்காலியில் உட்கார்ந்துகொண்டு இதைச் செய்தார். ஒரு கையெழுத்துத்தான் தேவைப்பட்டது.

நேற்றுக் காலை அதே அக்கா ஏறினார். கடைசி சீட் காலியாக இருந்தது. சாக்கை மடித்துப் போட்டுக் கூடையை வைத்துவிட்டு, அதன் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தார்.